காரணமானவர் கட்டுக: ஓஸ்லோ வீட்டு மின்னிணைப்புச் செலவும் நார்வேச் சட்டமும்

வீட்டுக்கு மின்சாரம் கேட்பவருக்குக் கொடுத்தே ஆக வேண்டும் என்பதில் இன்று பெரும்பாலான நாட்டுச் சட்டங்களுக்குத் தயக்கம் இல்லை. நார்வேயின் 1990ஆம் ஆண்டு எரிசக்திச் சட்டமும் இந்தியாவின் 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டமும் இந்தக் கடமையை ஏறத்தாழ ஒரே உறுதியோடு விதிக்கின்றன. தகராறு அதற்கு அடுத்த கேள்வியில்தான் தொடங்குகிறது. தெருவோரப் பெட்டியிலிருந்து வீட்டுச் சுவர்வரை போகும் கேபிள், அதற்குத் தோண்டும் பள்ளம், தோண்டிய தார்ச்சாலையைத் திரும்ப மூடும் வேலை, ஏற்கெனவே சுமை தாங்காமல் திணறும் மின்மாற்றியை எடுத்துவிட்டு வைக்கும் பெரிய மின்மாற்றி, இவையெல்லாம் யார் கணக்கில்?

நார்வேச் சட்டத்தின் விடை சுருக்கமானது: செலவுக்குக் காரணமானவர் கட்டுக. புதிதாக இணைப்புக் கேட்பவரோ இருக்கும் இணைப்பின் திறனைக் கூட்டக் கேட்பவரோ, தம் பொருட்டு மின்வலையில் நேரும் செலவை ஏற்க வேண்டும். அந்நாட்டார் இதை ‘அன்லெக்ஸ்பித்ராக்’ என்பார்கள்; இங்கே அமைப்புப் பங்களிப்பு என்று குறிப்பேன். பார்த்த பார்வைக்கு இதைவிட நியாயமான விதி இருக்க முடியாது. என் மறுப்பு விதியின் கணக்கைப் பற்றியதல்ல. அந்தக் கணக்கு தொடங்கும் இடத்தைப் பற்றியது. காரணம் யார் என்று தேடிப் புறப்படும் சட்டம், விண்ணப்பத்தில் கையெழுத்திட்டவரைக் கண்டதும் தேடலை நிறுத்திவிடுகிறது. அவரை விண்ணப்பிக்க வைத்த அரசாணையையும், இருந்த திறனை முன்பே எடுத்துக்கொண்ட அயலாரையும், புதுப்பிக்க வேண்டிய காலத்தில் புதுப்பிக்காத மின்வலை நிறுவனத்தையும் அது போதிய அளவு விசாரிப்பதில்லை. ஆகவே சாதாரணக் குடியிருப்புக்கு வேண்டிய அளவுவரை இச்செலவு பொதுவில் சேர வேண்டும், அதற்கு மேல் போனால்தான் காரணமானவர் கட்ட வேண்டும் என்பது இக்கட்டுரையின் நிலைப்பாடு.

ஓஸ்லோவில் மின்சாரம் நகராட்சியின் வேலையாகத் தொடங்கியது. அப்போது கிறிஸ்தியானியா என்று வழங்கிய இந்நகரில் 1892இல் நகராட்சி மின்நிலையம் வந்தது; 1900இல் நகருக்கு வடக்கே மாரிடாலனில் ஹம்மரன் நீர்மின் நிலையம் ஓடத் தொடங்கியது. மின்சாரம் உண்டாக்கியவரும் கம்பி இழுத்தவரும் பில் போட்டவரும் ஒருவரே. இணைப்புக்கு எவ்வளவு வாங்குவது என்பது அன்று அரசியல் முடிவு. நகரமன்றம் கூடிப் பேசித் தீர்க்கும் விஷயம். 1991 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த எரிசக்திச் சட்டம் இந்த ஏற்பாட்டைப் பிரித்துப் போட்டது. மின்சார விற்பனை சந்தைக்குப் போயிற்று; கம்பி இயற்கையான ஏகபோகம் என்பதால் ஒழுங்குமுறைக்குள் வந்தது. 2020 ஜனவரி 1 முதல் ஓஸ்லோவின் மின்வலை எல்வியா நிறுவனத்திடம் இருக்கிறது. ஹாஃப்ஸ்லுண்டின் மின்வலைப் பிரிவும் எய்ட்சிவாவின் மின்வலைப் பிரிவும் இணைந்து பிறந்த நிறுவனம் அது. எல்வியாவின் உரிமையாளரான எய்ட்சிவாவில் பாதி, ஓஸ்லோ நகராட்சிக்குச் சொந்தமான ஹாஃப்ஸ்லுண்டின் கையில் உள்ளது. ஓஸ்லோக்காரர் ஒருவர் இணைப்புச் செலவு குறித்து மின்வலை நிறுவனத்தோடு மல்லுக்கு நிற்கும்போது, எதிர்த்தரப்பில் மறைமுகமாக அவருடைய நகராட்சியே நிற்கிறது என்பதை இங்கே குறித்துவைப்போம்.

இன்றைய விதியின் வடிவம் 2019 ஜனவரி 1இல் உறுதியானது. அதற்கு முன் அமைப்புப் பங்களிப்பை வசூலிப்பதும் விடுவதும் பெரிதும் நிறுவனத்தின் விருப்பம். பலரும் சேர்ந்து பயன்படுத்தும், பல திசைகளிலிருந்து மின்னோட்டம் வரும் வலைப்பின்னல் பகுதியில் விதிவிலக்கான நிலைமைகளில் மட்டுமே வசூலிக்கலாம். செலவு எவ்வளவானாலும் ஒரே தொகையாக வாங்கும் இணைப்புக் கட்டணமும் பழைய விதிகளில் இருந்தது. 2019க்குப் பின் வசூல் கட்டாயமாயிற்று. மின்வலையின் எல்லா மட்டங்களுக்கும் பொருந்துவதாயிற்று. ஒழுங்குமுறையாளர் சொன்ன நோக்கம் இரண்டு. முதலாவது, திறன் கேட்பவர் அதன் உண்மை விலையைக் கேட்கும்போதே கண்ணால் பார்க்க வேண்டும். பார்த்தால் வேண்டாத திறனைக் கேட்க மாட்டார். இரண்டாவது, ஒருவருக்காகச் செய்த செலவு மற்ற எல்லாருடைய மின்வலைக் கட்டணத்திலும் போய் ஒளிந்துகொள்ளக் கூடாது.

ஒருவருக்கு மட்டுமே பயன்படும் கேபிள் முழுக்க அவர் செலவு. பலருக்கும் பயன்படும் மின்மாற்றி போன்றவற்றில் அவர் கேட்கும் திறனுக்கு ஏற்ற பங்கு மட்டும். இதைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்க்கலாம்.

ஓஸ்லோவின் தென்கிழக்கே நூர்ஸ்ட்ராண்ட் பகுதியில் பழைய தனிவீடு ஒன்று இருப்பதாகக் கொள்வோம். நார்வேயின் பழைய மின்வலை பெரும்பாலும் 230 வோல்ட், மும்முனை, நியூட்ரல் கம்பி இல்லாதது. 400 வோல்ட் முறை பின்னால் எழுந்த குடியிருப்புகளில்தான் பரவலாயிற்று. இந்த வீட்டின் மெயின் ஃபியூஸ் 35 ஆம்பியர் என்றால் வீடு ஒரே நேரத்தில் இழுக்கக்கூடியது சுமார் 14 கிலோவாட். நம்மூர்க் கணக்கில் இது தாராளம். ஆனால் அறைகளைச் சூடாக்குவதும் வெந்நீர் போடுவதும் சமைப்பதும் மின்சாரத்திலேயே என்றிருக்கும் ஊரில், ஜனவரி மாதத்து மாலை நேரத்தில், 7 கிலோவாட் கார் சார்ஜரையும் மாட்டினால் ஃபியூஸ் போய்விடும். வீட்டுக்காரர் 63 ஆம்பியர் கேட்கிறார். அது சுமார் 25 கிலோவாட். அவராக விண்ணப்பிக்க முடியாது. பதிவுபெற்ற மின்பணி நிறுவனம்தான் மின்வலை நிறுவனத்துக்கு முன்னறிவிப்பு அனுப்ப வேண்டும். நம் ஊரில் லைசென்ஸ் உள்ள ஒயர்மேன் கையெழுத்து இல்லாமல் விண்ணப்பம் நகராததைப் போலத்தான்.

அந்தத் தெருவின் மின்மாற்றியில் இடம் இருந்தால் செலவு கேபிளோடும் பள்ளத்தோடும் முடிந்துவிடும். இல்லையென்றால் புது மின்மாற்றி. எடுத்துக்காட்டுக்காக, அதை மாற்ற 8 லட்சம் குரோன் ஆகிறது, அதனால் 200 கிலோவாட் திறன் கூடுகிறது என்போம். நம் வீட்டுக்காரர் கூடுதலாகக் கேட்பது 11 கிலோவாட். நூற்றுக்கு ஐந்தரைப் பங்கு, 44,000 குரோன். தமக்கு மட்டும் போடும் கேபிளின் முழுச் செலவும் தனி. பக்கத்து வீட்டுக்காரர் இதே 63 ஆம்பியரை ஐந்தாண்டுக்கு முன், மின்மாற்றியில் இடம் இருந்தபோது கேட்டிருந்தால் அவருக்கு மின்மாற்றிச் செலவு ஒன்றுமில்லை. இரு வீடுகளும் கேட்டது ஒன்றே, பயன்படுத்துவது ஒன்றே. மாதாமாதம் செலுத்தும் மின்வலைக் கட்டணமும் ஒரே விகிதத்தில். வேறுபாடு வரிசையில் நின்ற இடம் மட்டுமே. நிறைந்த மின்மாற்றியில் பழைய வீடுகளின் சுமையும் இருக்கிறது. ஆனால் விதியின் பார்வையில் காரணம் கடைசியாக வந்தவர். பங்கு விகிதம் இந்த அநியாயத்தின் அளவைக் குறைக்கிறது, அநியாயத்தைப் போக்கவில்லை.

இன்னொரு நுட்பமும் உண்டு. பழைய மின்மாற்றி எப்படியும் சில ஆண்டுகளில் மாற்றவேண்டியதாக இருந்தால், முழுச் செலவையும் விண்ணப்பதாரர் மேல் ஏற்றலாகாது. பின்னால் வரவேண்டிய செலவை அவருக்காக முன்னே கொண்டுவந்ததன் மதிப்பு மட்டுமே அவர் கணக்கு. நல்ல விதி. ஆனால் மின்மாற்றிக்கு இன்னும் ஐந்தாண்டு ஆயுளா, இருபதாண்டா? அதைச் சொல்வது மின்வலை நிறுவனம். அதன் ஆவணங்கள் அதனிடமே. வீட்டுக்காரர் கையில் இருப்பது ஒரு மதிப்பீட்டுக் கடிதம். இவ்வகைத் தகராறு சட்ட வாசகத்தை வைத்துத் தீர்வதில்லை. வயதும் சுமையும் காட்டும் பதிவேட்டை வைத்தே தீர்கிறது. பதிவேடு ஒரு தரப்பின் பெட்டிக்குள் இருக்கும்வரை, காரணமானவர் கட்டுக என்பது நடைமுறையில் சொன்னதைக் கட்டுக என்றே ஆகிவிடும்.

நார்வே இதை உணராமல் இல்லை. அமைப்புப் பங்களிப்புக் கணக்கில் உடன்பாடில்லாதவர் எரிசக்தி ஒழுங்குமுறை ஆணையத்திடம் போகலாம். நீர்வளம் மற்றும் எரிசக்தி இயக்ககத்துக்குள் இருந்தாலும், இத்தகைய முடிவுகளில் யாருடைய உத்தரவுக்கும் கட்டுப்படாத அமைப்பு அது. ஐரோப்பிய ஒன்றியத்தின் மூன்றாம் எரிசக்தித் தொகுப்பை நார்வே 2019 நவம்பரில் தன் சட்டத்துக்குள் கொண்டுவந்தபோது கிடைத்த சுதந்திரம் இது. அதன் முடிவையும் ஏற்காதவர் எரிசக்தி மேல்முறையீட்டு வாரியத்துக்குப் போகலாம். 2019க்கு முன் மேல்முறையீடு அமைச்சகத்திடம் போய்க்கொண்டிருந்தது. ஒப்பந்தம், பில், மின்னழுத்தக் கோளாறால் பழுதான பொருள் ஆகியவற்றுக்கு நுகர்வோருக்கும் மின்துறைக்கும் பொதுவான மின் முறையீட்டு வாரியம் தனியாக இருக்கிறது. அதன் முடிவு அறிவுரை வகையானது. நீதிமன்றச் செலவு தலைசுற்ற வைக்கும் நாட்டில் இந்த வழிகளின் அருமை பெரிது. ஆனாலும் ஆணையம் பார்ப்பது விதி சரியாகக் கடைப்பிடிக்கப்பட்டதா என்பதை. விதி சரியா என்பதை அல்ல.

இப்போது விதியைப் பார்ப்போம். 2020 ஜனவரி 1 முதல் நார்வேயில் கட்டடங்களைச் சூடாக்கக் கனிம எண்ணெய் எரிக்கத் தடை. தோட்டத்தில் எண்ணெய்த் தொட்டி புதைத்து, அடித்தளத்தில் கொதிகலன் வைத்திருந்த பழைய வீடுகள் வேறு வழி தேடியாக வேண்டும். பொது வெந்நீர்க் குழாய் வராத தெருக்களில் அந்த வழி பெரும்பாலும் மின்சாரம். 2025க்குள் விற்கும் புதிய கார் எல்லாம் புகையில்லாததாக இருக்க வேண்டும் என்பது நாடாளுமன்றம் ஏற்ற இலக்கு. வரிச்சலுகையும் சாலைச்சலுகையும் கொடுத்து அதை நெருங்கினார்கள். 2024இல் அந்நாட்டில் பதிவான புதிய கார்களில் பத்தில் ஏறத்தாழ ஒன்பது மின்கார். இந்த இரண்டும் வீட்டுக்காரரின் ஆடம்பரத்தால் விளைந்தவையல்ல. எண்ணெயை நிறுத்து என்று சொன்னதும் அரசு, மின்காரை வாங்கு என்று தூண்டியதும் அரசு. அதன்படி நடந்தவர் ஃபியூஸை உயர்த்தப் போனால், செலவுக்குக் காரணம் நீ என்கிறது அதே அரசின் இன்னொரு விதி.

மின்மீட்டரோடு ஒப்பிட்டால் முரண் துலங்கும். 2019 ஜனவரி 1க்குள் எல்லா வீடுகளிலும் ஸ்மார்ட் மீட்டர் பொருத்த நார்வே ஆணையிட்டது. அந்த மாபெரும் செலவு எந்தத் தனி வீட்டின் மேலும் விழவில்லை. மின்வலைக் கட்டணத்தில் கலந்து எல்லார் மேலும் பரவியது. தேசியக் கொள்கையால் வந்த செலவு, ஆகவே தேசமே சுமக்கட்டும் என்பது அங்கே எடுபட்டது. வேண்டாம் என்று மறுத்தவர்களிடம் மட்டும் நேரில் வந்து கணக்கெடுக்கும் செலவைத் தனியே வாங்கலாம் என்றார்கள். பொதுக்கொள்கைக்கு இணங்கியவர் பொதுவில், விலகியவர் தனியே. கேபிளிலும் மின்மாற்றியிலும் இது தலைகீழாகிறது: இணங்கியவர் தனியே கட்டுகிறார்.

காரணமானவர் கட்டுக என்னும் நெறி தன் முழு நியாயத்தோடு விளங்கும் இடமும் நார்வேயிலேயே உண்டு. மலைப்பகுதிகளில் உள்ள ஓய்வுக்குடில்கள்தாம் அந்த இடம். ஓஸ்லோவாசிகள் பலருக்கு நகரத்துக்கு வெளியே ஒரு குடில் இருக்கும். காட்டு வழியே மின்கம்பி இழுத்து, ஆண்டில் சில வாரங்கள் தங்கும் குடிலுக்கு விளக்கேற்றும் செலவை, ஓஸ்லோவின் குரூருட் பள்ளத்தாக்கில் வாடகை வீட்டில் இருக்கும் குடும்பம் மின்வலைக் கட்டணத்தில் பகிர்ந்துகொள்ள எந்த முகாந்திரமும் இல்லை. அங்கே எழும் சிக்கல் வேறு. முதல் குடில்காரர் முழுக் கம்பிச் செலவையும் கட்டிய பிறகு, மறு ஆண்டே பக்கத்தில் நாலு குடில்கள் முளைத்து அதே கம்பியில் சேர்ந்துகொண்டால்? பத்தாண்டுக்குள் வந்து சேர்பவர்களையும் கணக்கில் கொண்டு செலவைப் பங்கிட விதி இடம் தருகிறது. பின்னால் வருபவர் முன்னால் கட்டியவரின் சுமையில் பங்கேற்க வேண்டும் என்னும் அறிவு குடில்களுக்குச் சட்டத்தில் இருக்கிறது. முன்னால் வந்து இலவசத் திறனை எடுத்துக்கொண்டவர், பின்னால் வருபவரின் சுமையில் பங்கேற்க வேண்டும் என்னும் எதிர்ப்பக்க அறிவு நூர்ஸ்ட்ராண்ட் தெருவுக்கு இல்லை.

தனிவீட்டை விட்டு அடுக்ககத்துக்கு வந்தால் தகராறின் முகம் மாறிவிடும். ஈழத்திலிருந்து வந்த தமிழர்கள் பலர் குடியிருக்கும் ஸ்டொவ்னர், ரும்சோஸ் போன்ற குரூருட் பள்ளத்தாக்குப் பகுதிகளில் பெரும்பாலான அடுக்ககங்கள் ‘பூரெட்ஸ்லாக்’ எனப்படும் வீட்டுக் கூட்டுறவுகள். மின்வலை நிறுவனம் கட்டடத்தின் வாசலோடு நின்றுவிடும். வாசலிலிருந்து ஒவ்வொரு மாடிக்கும் ஏறும் கம்பி யாருடையது, வீட்டுக்குள் இருக்கும் ஃபியூஸ் பெட்டி யாருடையது என்பதை 2003ஆம் ஆண்டு வீட்டுக் கூட்டுறவுச் சட்டம் சொல்கிறது. அதன் 5-12ஆம் பிரிவின்படி தம் வீட்டின் குழாய், கம்பி, சாதனங்களைப் பராமரிப்பது உறுப்பினரின் கடமை. 5-17ஆம் பிரிவின்படி, வீட்டின் ஊடாகப் போனாலும் பொதுக் கம்பியும் பொதுக் குழாயும் கூட்டுறவின் பொறுப்பு. செலவைப் பங்கிடுவது 5-19இல்: பொதுச்செலவை வீடுகளின் மதிப்பு விகிதத்தில் பிரிக்க வேண்டும், சிறப்புக் காரணம் இருந்தால் ஒவ்வொரு வீடும் பெறும் பயனையோ நுகர்வையோ பார்த்துப் பிரிக்க வேண்டும்.

அந்த ‘சிறப்புக் காரணம்’ என்ற தொடருக்குள்தான் ஆண்டுக் கூட்டங்களின் சண்டை முழுதும் அடங்கியிருக்கிறது. 1960களில் போட்ட மாடிக் கம்பிகள் இற்றுப்போனால் மாற்றுவது பராமரிப்பு. மதிப்பு விகிதத்தில் எல்லாரும் கொடுக்க வேண்டியதே. பத்து வீட்டுக்காரர் கார் நிறுத்துமிடத்தில் சார்ஜர் கேட்பதால் கட்டடத்துக்குள் வரும் கேபிளையே பெரிதாக்கினால்? கார் இல்லாத மூதாட்டியும் கொடுக்க வேண்டுமா? சார்ஜர் கேட்டால் நியாயமான காரணமின்றி நிர்வாகக்குழு மறுக்கலாகாது என்ற உரிமை சொந்த அடுக்கக உரிமையாளர்களுக்கு 2018இலும் கூட்டுறவு உறுப்பினர்களுக்கு 2021இலும் வந்துவிட்டது. உரிமை கொடுத்த சட்டம் செலவைப் பற்றி அவ்வளவு தெளிவாகப் பேசவில்லை. நடைமுறையில் கூட்டுறவுகள் கண்டுகொண்ட வழி எனக்குச் சரியாகப் படுகிறது. கட்டடத்துக்குள் வரும் பெரிய கேபிளும் நிறுத்துமிடம் முழுதும் ஓடும் அடிப்படைக் கம்பியும் பொதுவில். சார்ஜரும் அதற்கு வரும் கிளைக்கம்பியும் சார்ஜர் வைப்பவர் கணக்கில். கட்டடத்தின் மதிப்பைக் கூட்டுவது பொது, ஒருவரின் வசதிக்கு மட்டும் ஆவது தனி. தேசிய விதி போக மறுக்கும் வழியில் அடுக்ககக் கூட்டம் தானாகப் போய்ச் சேர்ந்திருக்கிறது.

வாடகைக்காரர் நிலையை விரிக்கத் தேவையில்லை. 1999ஆம் ஆண்டு வாடகைச் சட்டத்தின் 3-4ஆம் பிரிவு, வாடகை தவிரக் கட்டடத்தின் மின்சாரம், எரிபொருள் செலவில் ஒரு பங்கைக் கட்டும்படி ஒப்பந்தம் செய்ய அனுமதிக்கிறது. நுகர்வுச் செலவைப் பற்றியது அது. இணைப்பை ஏற்படுத்தும் செலவு வீட்டுச் சொந்தக்காரர் பாடு. தனி மீட்டர் இல்லாத அடித்தள அறைகளில் பங்கு எவ்வளவு என்பதே சண்டை. 2001இல் ஓஸ்லோ வட்டாரத்தில் தொடங்கிய வாடகைத் தகராறுக் குழு அதைத் தீர்த்துவைக்கிறது. நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகாவிட்டால் அதன் முடிவு தீர்ப்புக்குச் சமம்.

இந்தியாவில் இதே கேள்வி வேறு பாதையில் நடந்தது. நார்வேக்கு அதில் பாடம் இருக்கிறது. 1910ஆம் ஆண்டு இந்திய மின்சாரச் சட்டத்தின் அட்டவணை, மின்நிறுவனக் கம்பியிலிருந்து நூறு அடிக்கு மேற்பட்ட நீளத்துக்கும், விண்ணப்பதாரரின் சொந்த மனைக்குள் போகும் பகுதிக்கும் மட்டுமே அவரிடம் பணம் வாங்க வகைசெய்தது. தெருவில் முதல் நூறு அடி நிறுவனத்தின் செலவு. சென்னையில் தனியார் மின்கம்பெனி இருந்த காலத்திலும், 1947இல் அரசு அதை எடுத்துக்கொண்ட பின்பும், 1957இல் மின்வாரியம் அமைந்த பின்பும் பின்னணியில் நின்றது இந்த நெறிதான். கரடுமுரடான அளவுகோல்தான். ஆனாலும் சாதாரண வீட்டுக்கு வேண்டியது பொது, அதைத் தாண்டியது தனி என்னும் வரம்பு அதில் தெளிவாக இருந்தது.

2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 46ஆம் பிரிவு, இணைப்புக்காக நியாயமாகச் செய்த செலவை வசூலிக்க மாநில ஆணையங்கள் அனுமதிக்கலாம் என்றது. தமிழ்நாட்டில் இது பதிவுக் கட்டணம், இணைப்புக் கட்டணம், வளர்ச்சிக் கட்டணம், வைப்புத்தொகை என்று பல தலைப்புகளில் வருகிறது. இவற்றில் வளர்ச்சிக் கட்டணம் கவனிக்கத்தக்கது. கிலோவாட்டுக்கு இவ்வளவு என்ற ஒரே வீதம். மேல்நிலைக் கம்பி உள்ள இடத்துக்கு ஒன்று, புதைவடம் உள்ள இடத்துக்கு ஒன்று. உங்கள் தெரு மின்மாற்றியில் இடம் இருக்கிறதா இல்லையா என்பது உங்கள் பில்லை மாற்றாது. வரிசையில் கடைசியாக வந்த பாவத்துக்குத் தண்டனை கிடையாது. வாசலை மறைக்கும் மின்கம்பத்தை நகர்த்தக் கேட்டால் மட்டும் ‘டி.சி.டபிள்யூ.’ என்று முழுச் செலவையும் முன்கூட்டி வைப்பாகக் கட்டச் சொல்வார்கள். அங்கே காரணமானவர் உண்மையாகவே விண்ணப்பதாரர்தான்.

மகாராஷ்டிரத்தில் இது பெரிய வழக்கே ஆயிற்று. கேட்பவருக்கு நேரடியாகப் போகும் கம்பிக்கு அப்பால் உள்ள மின்வலைச் செலவையும் சேவைக் கம்பிக் கட்டணமாக வசூலிக்க அம்மாநில மின்பகிர்மான நிறுவனம் கேட்டது. மாநில மின்சார ஒழுங்குமுறை ஆணையம் 2006 செப்டம்பர் 8ஆம் நாள் ஆணையில் அதை மறுத்தது. பொது மின்வலையை விரிவாக்குவது நிறுவனத்தின் கடமை, அச்செலவு எல்லாருடைய கட்டணத்தில் வரட்டும். தனக்கென்றே பிரத்தியேக அமைப்புக் கேட்பவரிடம் மட்டும் வாங்கலாம் என்பது ஆணையத்தின் நிலை. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் தோற்ற நிறுவனம் உச்ச நீதிமன்றம் போய் 2016இல் அங்கும் தோற்றது. ஓஸ்லோவுக்கு நான் வேண்டுவது ஏறத்தாழ இந்த வரம்பைத்தான்.

இந்திய முறையைத் தூக்கிப்பிடிப்பதாக யாரும் எண்ண வேண்டாம். ஒரே வீதம் என்பது பக்கத்து வீட்டாரோடு சமத்துவம் தரும்; செலவு உண்மையில் எவ்வளவு என்ற கணக்கை மறைக்கவும் செய்யும். சொந்தக்காரர் ஒப்புதல் தரவில்லை என்று வாடகைக்காரருக்கு இணைப்பு மறுத்த வழக்கில், மின்சாரம் அடிப்படை வசதி, அதைப் பறிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் சொல்ல வேண்டிவந்தது. மறுபுறம், கே.சி. நைனான் வழக்கில் 2023 மே மாதம், முந்தைய சொந்தக்காரரின் நிலுவையைக் கட்டினால்தான் புது இணைப்பு என்று ஒழுங்குமுறை விதி நிபந்தனை போடுவது செல்லும் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஏலத்தில் கட்டடம் வாங்கியவர், தாம் எரிக்காத விளக்குக்குப் பணம் கட்டும் நிலை. காரணமே இல்லாதவர் கட்டுகிறார். அந்தப் பக்கத்தில் நார்வேயின் நெறியை நாம் கடன் வாங்கினால் நல்லது.

என் நிலைப்பாட்டுக்கு எதிராக ஓஸ்லோவில் சொல்லப்படக்கூடிய வலுவான வாதம் ஒன்று உண்டு. செலவைப் பொதுவில் போட்டால், ஹோல்மன்கோலன் சரிவில் இரண்டு மின்காரும் வெந்நீர்க் குளமும் வைத்திருக்கும் மாளிகையின் கேபிளுக்கு ஸ்டொவ்னர் அடுக்ககத்தில் வாழும் துப்புரவுப் பணியாளர் பணம் கொடுப்பார். இது வெறும் பயமுறுத்தல் அல்ல. ஆனால் இதற்கு மருந்து வரம்பு. 230 வோல்ட் மும்முனையில் 63 ஆம்பியர், அதாவது சுமார் 25 கிலோவாட், தனிவீட்டின் சாதாரணத் தேவைக்குப் போதும். அதுவரை பொது, மேலே தனி. நிரந்தரக் குடியிருப்புக்கு மட்டும் பொது, குடிலுக்குத் தனி. மேலும், 2022 ஜூலை 1 முதல் வந்த கட்டண முறையில் மாதத்தில் மூன்று வெவ்வேறு நாள்களின் உச்ச மணிநேர நுகர்வின் சராசரியைப் பார்த்தே திறன் கட்டணம் போடுகிறார்கள். பெரிய சுமை இழுக்கும் மாளிகை மாதாமாதம் கூடுதலாகக் கட்டிக்கொண்டுதான் இருக்கிறது. திறனுக்கு விலை உண்டு என்பதை நுகர்வோர் உணர வேண்டும் என்ற நோக்கத்தை இந்தக் கட்டணமே நிறைவேற்றிவிடுகிறது. அதே நோக்கத்துக்காக வாசலில் இன்னொரு முறை வாங்குவது வேண்டாதது.

இங்கே நிறுவனங்களுக்கு ஒரு நியாயம் சொல்ல வேண்டும். பங்களிப்பாக வாங்கிய பணத்தில் அமைத்த கம்பிக்கு அவை முதலீட்டு வருவாய் கேட்க முடியாது. ஒழுங்குமுறைக் கணக்கில் அது கழிந்துவிடும். ஆகவே நிறுவனம் இருமுறை சம்பாதிக்கிறது என்ற குற்றச்சாட்டு நிற்காது. ஆனால் பங்களிப்புக் கட்டிய வீட்டுக்கு மின்வலைக் கட்டணத்தில் சல்லிக்காசு குறைவதில்லை. கட்டாத பக்கத்து வீட்டின் வீதமே அதற்கும். நிறுவனத்தின் கணக்கு நேர். வீட்டுக்காரரின் கணக்கு கோணல்.

2022இல் அரசிடம் அளிக்கப்பட்ட மின்வலைக் குழு அறிக்கை, வலையை விரைவாகக் கட்டுவது எப்படி என்பதிலேயே பெருங்கவனம் செலுத்தியது. தரவு மையங்களும் பேட்டரித் தொழிற்சாலைகளும் வரிசையில் நிற்கும்போது அது புரிந்துகொள்ளக்கூடியதே. அத்தகைய பெருநுகர்வோருக்கு அமைப்புப் பங்களிப்பு இன்றியமையாதது, அதில் எனக்கு மாற்றுக்கருத்து இல்லை. தொழிற்சாலைக்கும் வீட்டுக்கும் ஒரே நெறியைப் பூட்டியதுதான் தவறு. வீட்டைத் தனியே பிரித்து, 63 ஆம்பியர் வரையான நிரந்தரக் குடியிருப்பின் பங்கை மின்வலைக் கட்டணத்துக்கு மாற்றுவதற்கு எரிசக்திச் சட்டத்தைத் திருத்தவே தேவையில்லை. அதன்கீழ் உள்ள ஒழுங்குவிதி போதும். அதோடு, ஒவ்வொரு தெரு மின்மாற்றியின் வயதும் எஞ்சிய திறனும் விண்ணப்பதாரர் பார்க்கக்கூடியதாக இருக்க வேண்டும்.

அதுவரை ஓஸ்லோவில் ஃபியூஸை உயர்த்தக் கேட்டு மதிப்பீட்டுக் கடிதம் பெறுபவர், உடனே ஒப்புதல் கையெழுத்துப் போட வேண்டாம். பங்கு எப்படிக் கணக்கிடப்பட்டது, மாற்றும் மின்மாற்றியின் வயது என்ன, தெருவைத் தோண்டும் செலவில் உங்கள் வீட்டுக்கு மட்டும் உரியது எவ்வளவு என்பதை எழுத்தில் கேளுங்கள். விடை திருப்தி தராவிட்டால் எரிசக்தி ஒழுங்குமுறை ஆணையத்துக்கு எழுதுங்கள். வழக்கறிஞர் வைக்க வேண்டியதில்லை.